இரண்டு முழம் தமயந்தி

தூய திரைக் கழகம் நெய்வேலி டவுன்ஷிப் மக்களுக்குச் செய்த முதல் நன்மை, அவர்களிடமிருந்து கதையைப் பறித்ததுதான். அதற்கு முன்பெல்லாம் ப்ளாக் மைதானத்தில் வெள்ளைத் துணி கட்டி அவ்வப்போது ஏதாவது பழைய படம் போடுவார்கள். கதாநாயகி அழுவாள். பாயில் உட்கார்ந்திருக்கும் பெண்களும் கூடவே அழுவார்கள். வில்லன் அடிபடும்போது நைட் ஷிப்டுக்குப் போக வேண்டியவர்கள்கூட எழுந்திருக்க மாட்டார்கள். இந்தக் கேவலத்தைக் கழகத்தின் தலைவர் கோபாலகிருஷ்ணனால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

அவர் பெரிய பங்களா ஒன்றில் குடியிருந்தவர். ஒருமுறை கல்கத்தாவுக்குப் போனபோது கதையே இல்லாத படங்களை வரிசையாகப் பார்த்துவிட்டுத் திரும்பியிருந்தார். அன்று முதல் சாப்பாட்டு மேசையில் யாராவது "அப்புறம் என்ன ஆச்சு?" என்று கேட்டால், பாதிச் சாப்பாட்டில் எழுந்து கை கழுவிவிடுவார்.

கழகத்துக்கு விதிகள் இருந்தன. திரையில் தெரிவது இன்னதென்று சொல்லக்கூடாது. மரம் தெரிந்தால் மரம் என்று சொல்லக்கூடாது. அசைவு, பரப்பு, இருள் போன்ற சொற்களைப் பயன்படுத்திக்கொள்ளலாம். கைதட்டக் கூடாது. பெருமூச்சு விடலாம், ஆனால் காரணத்தோடு விடக்கூடாது. 'கதை' என்ற சொல்லை வாய்விட்டுச் சொன்னவர், அந்தச் சுருள் முடியும்வரை சுவரைப் பார்த்து நிற்க வேண்டும்.

ஒரு மார்கழி மாதத்தில், பொதுமக்களையும் கடைத்தேற்றிவிடுவதென்று முடிவு செய்து, கழகம் திறந்தவெளிக் காட்சி ஒன்றை அறிவித்தது. ஜீப்பில் மைக் கட்டிக்கொண்டு தெருத்தெருவாகப் போன செயலாளர் சிவப்பிரகாசம், "இலவச சினிமா" என்று மட்டும் சொன்னார். என்ன சினிமா என்று சொல்வது விதிக்கு விரோதம். ஆகவே ஜனங்கள் பாயோடும் தலையணையோடும் அவித்த மல்லாட்டைக் கடலையோடும் வந்து சேர்ந்தார்கள்.

பக்கத்து ஊரான வடக்குத்திலிருந்து வந்த அய்யனார் தன் வாடகை புரொஜெக்டரை மேசைமேல் ஏற்றினான். விளக்கு அணைந்தது. திரையில் சாம்பல் நிறம் வந்தது. வந்த சாம்பல் நிறம் போகவில்லை. அதன்மேல் கீறல்கள் மழைபோல விழுந்தன. பிறகு புகை வந்தது. பிறகு தண்ணீர் போல ஒன்று. பிறகு மறுபடியும் புகை.

"ஆப்பரேட்டரு, ரீலு அந்து போச்சு பாருய்யா!"

"அந்துலாம் போவலீங்க. ஓடிக்கினுதான் இருக்குது" என்றான் அய்யனார், தனக்கே நம்பிக்கையில்லாத குரலில்.

"பொகையப் பாக்கவா பாயத் தூக்கிக்கிட்டு வந்தோம்? அதான் வீட்டு வாசல்ல நின்னாலே தெரியுதே!"

"எழுத்துப் போட்டதும் எழுப்புடி" என்று ஓர் அம்மாள் மகளிடம் சொல்லிவிட்டு, முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு படுத்துவிட்டாள்.

நைட் ஷிப்ட் பஸ் வந்து நின்று ஹாரன் அடித்தது. இதற்கு முன் எந்தப் படத்திலும் காணாத உற்சாகத்தோடு ஆண்கள் எழுந்து வேலைக்கு ஓடினார்கள். 'கலையால் தூண்டப்பட்ட பார்வையாளர்கள் திரையைத் தாண்டி வாழ்வுக்குள் நடந்தனர்' என்று சிவப்பிரகாசம் தன் அறிக்கைக்குக் குறித்துக்கொண்டார்.

மைதானத்தில் எஞ்சியவர்கள் தூங்கிப்போனவர்களும் மருதமுத்துவும்தான்.

மருதமுத்து சுரங்கத்தில் கன்வேயர் பெல்ட் பார்ப்பவர். கோவில்பட்டிப் பக்கத்துக்காரர். அன்று அவருக்கு ஓய்வு. வீட்டில் இருக்க முடியாததால் வந்திருந்தார். வீட்டில் இருக்க முடியாமல் போய் ஆறு வருடமாகியிருந்தது. ஆறு வருடத்துக்கு முன் ஒரு சாயங்காலம் அவர் மனைவி தமயந்தி, கடைக்குப் போய்வருகிறேன் என்று கூடையை எடுத்துக்கொண்டு போனாள். மறுநாள் அந்தக் கூடை மட்டும், சுரங்கத்திலிருந்து இறைத்த தண்ணீர் ஓடும் வாய்க்காலின் கரையில் கிடைத்தது. ஆட்களை இறக்கித் துழாவினார்கள். ஒற்றைச் செருப்புகள், ஒரு சைக்கிள், யாரோ தொலைத்த வெண்கலப் பானை எல்லாம் கிடைத்தன. தமயந்தி கிடைக்கவில்லை.

அவளுடைய அண்ணன் சின்னதுரை அவ்வப்போது ஊரிலிருந்து பஸ் ஏறி வருவார். வாசலைத் தாண்டி உள்ளே வரமாட்டார்.

"அவ செத்திருந்தா கொன்னது நீதான் மாப்ள. உசிரோட எவங்கூடயாச்சும் இருந்தா, கொல்லப் போறது நான். ரெண்டுல எதுன்னு தெரியாமத்தான் இன்னும் உன்ன விட்டுவச்சிருக்கேன்" என்பார். பிறகு ஒரு சொம்பு தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு அடுத்த பஸ்ஸில் போய்விடுவார்.

திரையில் புகை விலகியது. ஏதோ ஒரு தெரு. வலது ஓரத்திலிருந்து ஒரு பெண் வந்தாள். தெருவைக் கடக்கும்போது ஒரு கையைத் தலைக்கு மேல் தூக்கி, உள்ளங்கையை வானத்துக்கு விரித்துக்கொண்டாள்.

மருதமுத்து எழுந்து நின்றார். துணி காயப்போடுமுன் அனல்மின் நிலையத்துச் சாம்பல் விழுகிறதா என்று அண்ணாந்து பார்ப்பது டவுன்ஷிப் பெண்கள் எல்லோரும் செய்கிற காரியம். உள்ளங்கையை நீட்டிப் பார்த்தவள் தமயந்தி ஒருத்திதான். "கண்ணவிடக் கைக்குத்தான் மொதல்ல தெரியும்" என்பாள்.

அந்தப் பெண் இடது ஓரத்தை எட்டுவதற்குள் புகை வந்து அவளை மூடிக்கொண்டது. பிறகு படம் முடியும்வரை சாம்பல் நிறம்தான்.

விளக்குப் போட்டதும் சிவப்பிரகாசம் அவரைப் பார்த்துவிட்டார்.

"அழுகிறீர்களா?"

"ஆமா சார்."

"எதற்காக அழுகிறீர்கள்?"

மருதமுத்து துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "தெரியல சார்" என்பது மட்டும்தான் வந்தது.

சிவப்பிரகாசம் அவருடைய இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். "காரணமில்லாத கண்ணீர்! இந்த ஊரில் இப்படி ஒரு கண்ணீரைப் பார்ப்பேன் என்று நான் நினைக்கவே இல்லை. நாளைக்கே நீங்கள் தலைவரைப் பார்க்க வேண்டும்."

மறுநாள் தலைவரின் பங்களாவில், பிரம்பு நாற்காலியின் நுனியில் மருதமுத்து உட்கார்ந்திருந்தார்.

"சார், அந்தப் படத்துல ஒரு பொம்பள வாராள்ல..."

"இல்லை" என்றார் கோபாலகிருஷ்ணன்.

"வலது பக்கத்துலேருந்து சார். கையைத் தூக்கிக்கிட்டு..."

"வலது பக்கத்திலிருந்து ஒரு நிழல் வருகிறது. நீங்கள் அதற்குப் புடவை கட்டிவிட்டீர்கள்." அவர் சாய்ந்து உட்கார்ந்தார். "மருதமுத்து, நம் ஜனங்களைப் பிடித்த நோய் என்ன தெரியுமா? யாரைப் பார்த்தாலும் யார் என்று கேட்பது. எங்கே போகிறாள், எப்போது வருவாள், யார் வீட்டுப் பெண்? என்னைப் பாருங்கள். எங்கள் வீட்டில் சமைக்கிற அம்மா நான் இந்த ஊருக்கு வந்த நாளிலிருந்து இருக்கிறாள். அவள் பெயரை இன்றுவரை நான் கேட்டதில்லை. அந்தத் தூய்மையைக் காப்பாற்ற நான் எவ்வளவு சிரமப்பட்டிருப்பேன், யோசித்துப் பாருங்கள்!"

காபி கொண்டுவந்து வைத்த வள்ளியம்மாள் உள்ளே போனாள்.

"எனக்கு வேற ஒண்ணும் வேண்டாம் சார். அது எந்த ஊர்ல எடுத்த படம், எப்ப எடுத்ததுன்னு மட்டும் சொல்லிட்டீங்கன்னா போதும்."

அவருக்கு உண்மையாகவே அவ்வளவுதான் வேண்டியிருந்தது. ஆறு வருடத்துக்கு முந்திய படமென்றால் அது வெறும் நிழல். பிந்திய படமென்றால் அவள் உயிரோடு இருக்கிறாள். வாய்க்கால் கரையில் இனி நடக்க வேண்டியதில்லை. எதிரே வருகிறவர்கள் தன்னைக் கண்டதும் பேச்சை நிறுத்துவதையும் பொறுத்துக்கொண்டிருக்க வேண்டியதில்லை.

கோபாலகிருஷ்ணன் கண்களை மூடிக்கொண்டார். "எங்கே, எப்போது என்பவை போலீஸ் ஸ்டேஷனில் கேட்கிற கேள்விகள். ஆனாலும் கேள்வி கேட்கும் உரிமையை நாங்கள் மறுக்கவில்லை. அது உறுப்பினர்களுக்கு உண்டு. நீங்கள் உறுப்பினராகுங்கள்."

உறுப்பினராவதற்குப் பார்வைத் தேர்வு என்று ஒன்று இருந்தது. ஒரு பொருளைக் காட்டுவார்கள். அது என்னவென்று தெரியக்கூடாது. முதல் முறை ஒரு டம்ளரைக் காட்டினார்கள். மருதமுத்து "டம்ளர் சார்" என்றார். தோற்றுப்போனார்.

"வீட்டிலிருந்தே பழகுங்கள்" என்றார் சிவப்பிரகாசம். "ஒன்றைப் பார்த்துக்கொண்டே இருங்கள். அதன் பெயர் தானாக உதிர்ந்துவிடும்."

மருதமுத்து சொம்பைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தார். முதலில் சொம்பு சொம்பாகவே இருந்தது. அப்புறம் ஒரு நாள் அது வெறும் மினுக்கமாக ஆயிற்று. பிறகு கதவு போயிற்று. கொடிக்கம்பி போயிற்று. வேலையில் பெல்ட்டின் மேல் ஓடும் நிலக்கரி ஒரு கறுப்பு ஓட்டமாக மட்டும் தெரிந்தது. கூட வேலை பார்க்கும் ராமலிங்கம் "அண்ணே, என்ன அப்படிப் பாக்குறீங்க?" என்று கேட்டபோது, பேசுகிறவன் யார் என்று பிடிபடச் சற்று நேரமாயிற்று.

பொருள்களின் பெயர்கள் உதிர உதிர, வீட்டுக்குள் பெயரில்லாத ஏதோ ஒன்று நடமாட ஆரம்பித்தது. சமையலறையில் பாத்திரம் நகரும். அது பாத்திரமென்றோ நகர்ந்ததென்றோ அவரால் உறுதியாகச் சொல்ல முடியாது. பின்கட்டில் வளையல் போல ஓர் ஓசை கேட்கும். முன்பென்றால் எழுந்து போய்ப் பார்த்திருப்பார். இப்போது அது ஓசை மட்டுமே. ஒருநாள் துணிக்கொடியின் கீழே, உயர்த்திய ஒரு கையின் நிழல் சுவரில் விழுந்து கிடந்தது. கை எங்கே என்று தேடக்கூடாது என்பது பயிற்சியின் ஒரு பகுதி. அவர் தேடவில்லை. வெகுநேரம் கழித்து நிழல் தானாகவே மங்கியது. சிவப்பிரகாசத்திடம் சொன்னபோது, "மிக நல்ல முன்னேற்றம்" என்றார்.

இரண்டாவது தேர்வுக்கு வரும்போது மருதமுத்து தன் கல்யாண போட்டோவைத் துணிப்பையில் கொண்டுவந்தார். அதைக் காட்டினால் படத்தில் வருவது தன் மனைவிதான் என்று நம்புவார்கள் என்பது அவர் எண்ணம். அதை வாங்கிப் பார்த்த கோபாலகிருஷ்ணனின் முகம் மலர்ந்தது. "அருமை! தேர்வுப் பொருளை அவரே கொண்டுவந்திருக்கிறார்." போட்டோ ஒரு ஸ்டூலின் மேல் நிறுத்தப்பட்டது. உறுப்பினர்கள் சுற்றி உட்கார்ந்தார்கள்.

"என்ன தெரிகிறது, மருதமுத்து?"

தமயந்தி மாலையோடு அவரைப் பார்த்தாள். பெயரைச் சொன்னால் கேள்வி கேட்கும் உரிமை போய்விடும்.

"கறுப்பு சார்."

"அப்புறம்?"

"வெள்ளை."

"இரண்டுக்கும் நடுவில்?"

மருதமுத்து போட்டோவில் அருகருகே நின்ற இருவரையும் பார்த்தார். "நடுவுல இடைவெளி சார்."

கூடம் முழுக்கக் காரணமில்லாத பெருமூச்சு எழுந்தது. தேறிவிட்டார்.

போட்டோவைப் பையில் போட்டுக்கொண்டு நடந்து திரும்பும்போது அவருக்கு ஒரு யோசனை வந்தது. ஆறு வருடத்துக்கு முன், அவள் எதிரே உட்கார்ந்து சோறு போட்டுக்கொண்டிருந்த ஒரு நாளில் இதே கேள்வியை யாராவது கேட்டிருந்தால் என்ன பதில் சொல்லியிருப்போம்? 'இடைவெளி' என்பதைத் தவிர வேறு பதில் எதுவும் அவருக்குத் தோன்றவில்லை.

உறுப்பினர் என்ற முறையில் மருதமுத்து அடுத்த கூட்டத்தில் எழுந்து நின்று, எங்கே, எப்போது என்று கேட்டார். கேள்வி மரியாதையோடு பெற்றுக்கொள்ளப்பட்டு, ஒரு துணைக்குழுவிடம் ஒப்படைக்கப்பட்டது. துணைக்குழு படத்தைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்து அறிக்கை தயாரித்தது. அதைச் சிவப்பிரகாசம் வாசித்தார்.

"எங்கே என்ற கேள்விக்குக் குழு கண்ட விடை: திரையில். எப்போது என்ற கேள்விக்குக் குழு கண்ட விடை: மாலை ஆறரை மணிக்கு. படத்தை உருவாக்கிய கலைஞர் கொள்கை காரணமாகப் பெயரை வெளியிடாதவர். சுருள் வந்த பார்சலின் மேல் ஏதோ ஓர் ஊரின் பெயர் இருந்தது உண்மை. கலையின் தூய்மைக்கு அதனால் பங்கம் வருமென்பதால், வந்த அன்றே அந்தத் தாளைத் தண்ணீரில் ஊறவைத்துச் சுரண்டி எடுத்துவிட்டோம். உறுப்பினர்கள் இது பற்றிக் கவலைப்பட வேண்டாம்."

உறுப்பினர்கள் கவலைப்படவில்லை. ஆனால் வேறொன்று நடந்துவிட்டது. துணைக்குழுவுக்காகப் படம் அத்தனை தடவை ஓடியதில், மற்றவர்களுக்கும் அந்தப் பெண் தெரிய ஆரம்பித்துவிட்டாள். மெட்ராஸ் ஐ போல அது ஒருவர் கண்ணிலிருந்து இன்னொருவர் கண்ணுக்குத் தாவியது. பொருளாளரின் மனைவிதான் தொடங்கிவைத்தாள்.

"ஏங்க, அது சுங்குடிச் சேல மாதிரி இல்ல?"

"கையில பை ஒண்ணும் இல்லாமப் போறா பாருங்க. கடைக்குப் போறவ இல்ல."

"புருஷன்கூட சண்டையோ என்னமோ."

"அப்புறம் என்ன ஆகும்?"

"யார் அது?" என்று கோபாலகிருஷ்ணன் எழுந்தார். "கதை கேட்பது யார்?" விதி எல்லோருக்கும் பொது. தானே அந்தச் சொல்லைச் சொல்லிவிட்டதால் அவரே முதலில் போய்ச் சுவரைப் பார்த்து நின்று, மன்னிப்புக் கேட்டுக்கொண்டு, தலைவருக்கு உள்ள சலுகையில் பாதியிலேயே திரும்பி வந்தார். அதற்குள் இன்னும் நான்கைந்து பேர் சுவருக்குப் போயிருந்தார்கள். கொஞ்ச நேரத்தில் திரையைப் பார்த்து உட்கார்ந்திருந்தவர்கள் தலைவரும் மருதமுத்துவும்தான். மற்றவர்கள் வரிசையாகச் சுவரைப் பார்த்து நின்றபடி, அவள் ஏன் வீட்டைவிட்டுப் போனாள் என்று தாழ்ந்த குரலில் பேசிக்கொண்டிருந்தார்கள். பேச்சு ருசியாகப் போய்க்கொண்டிருந்ததால் சுருள் முடிந்த பிறகும் ஒருவரும் திரும்பவில்லை.

அவசரக் கூட்டம் கூடியது. அந்தப் பெண் கழகத்தின் அடித்தளத்தையே அரிக்கிறாள் என்பதில் கருத்து வேறுபாடு இல்லை. அவள் வரும் பகுதியை வெட்டி எறிந்தால் படைப்பின் நீளம் குறைந்துவிடும். ஆகவே ஆண்டு விழா மேடையில் ஊசியால் அவளைப் பிலிமிலிருந்து கட்டம் கட்டமாகச் சுரண்டி எடுத்துவிட்டு, அங்கேயே தூய படத்தைத் திரையிடுவது என்று தீர்மானமாயிற்று. படத்துக்கு வேறு பிரதி கிடையாது.

"சுரண்டும் கௌரவம் மருதமுத்துவுக்கே" என்றார் கோபாலகிருஷ்ணன். "நிழலுக்குப் புடவை கட்டிவிட்டவர் அவர். அவரே அதை அவிழ்த்துவிடுவதுதான் முறை."

கூட்டத்திலிருந்த பெண்கள் தரையைப் பார்த்தார்கள். தலைவர் தன் உவமையில் திருப்தியடைந்து தண்ணீர் குடித்தார்.

மருதமுத்து மாட்டேன் என்று சொல்லத்தான் வாயைத் திறந்தார். ஆனால் ஊசியைப் பிடிப்பவன் கையில் சுருளும் இருக்கும். இதுவரை அதைத் தொடக்கூட அவரை விட்டதில்லை. "சரிங்க சார்" என்றார்.

விழா ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். மண்டப வாசலில் வெள்ளை வேட்டியும் வெள்ளைச் சட்டையுமாக சின்னதுரை நின்றுகொண்டிருந்தார். மருதமுத்துவின் கேள்விகளிலிருந்து ஊர் ஊகித்துக்கொண்ட செய்தி கோவில்பட்டிவரை போயிருந்தது.

"சினிமாவுல எந்தங்கச்சி வாராளாமே மாப்ள?"

"யாரு சொன்னது மச்சான்?"

"ஊரே சொல்லுது. ஒரு தடவ பாத்தாப் போதும் எனக்கு. நடை சொல்லிரும். பொறவு அது என்ன ஊருன்னு கண்டுபிடிக்கதா கஷ்டம்? கடைல போர்டு இருக்கும், செவுத்துல எழுத்து இருக்கும். நான் பாத்துக்கிடுதேன்."

"பாத்துக்கிட்டு?"

சின்னதுரை சிரித்தார். "நீ நிம்மதியாத் தூங்கலாம் மாப்ள. ஆறு வருஷமா உம் பேருல கெடக்க பழி போயிரும்லா." தோளில் ஒரு தட்டுத் தட்டிவிட்டு உள்ளே போய் முன்வரிசையில் உட்கார்ந்தார்.

மேடையில், அடியில் பல்பு எரியும் கண்ணாடிப் பலகை ஒன்று இருந்தது. அதன்மேல் சுருளைப் பிரித்து வைத்துக்கொண்டு அய்யனார் காத்திருந்தான். தலைவர் பேசிக்கொண்டிருந்த நேரத்தில் அவன் பிலிமை முழங்கையிலிருந்து விரல் நுனிவரை, பூ அளப்பதுபோல அளந்து காட்டினான்.

"ரெண்டு மொழம் இருக்கறாங்க உங்க வூட்டம்மா" என்றான் மெதுவாக. பிறகு சட்டைப் பையிலிருந்து ஒரு பூதக்கண்ணாடியை எடுத்து அவர் கையில் வைத்தான். "சொரண்டறதுக்கு மின்ன ஒரு வாட்டி நல்லாப் பாத்துக்குங்க."

மருதமுத்து குனிந்தார்.

திரையில் நடந்து போனவள் இங்கே நடக்கவில்லை. ஒவ்வொரு கட்டத்திலும் நின்றுகொண்டிருந்தாள். அவர் பார்த்து முடிக்கும்வரை நின்றாள். திரையில் ஓட்டத்திலும் கீறலிலும் கண்ணுக்குத் தப்பியவையெல்லாம் இங்கே நகம் அளவுக்குள் துல்லியமாக இருந்தன. வகிட்டின் இருபுறமும் நரை. மூக்கின் மேல் கண்ணாடி. அவரோடு இருந்த வரைக்கும் தமயந்திக்கு நரையும் கிடையாது, கண்ணாடியும் கிடையாது. அவள் பின்னால் ஒரு மருந்துக்கடை; கடையின் பலகையில் ஊரின் பெயர். விரித்த உள்ளங்கையில் எதுவும் விழவில்லை. விழாது என்று தெரிந்தும் நீட்டிப் பார்க்கிறவளின் முகம் அது. கொஞ்சம் சிரிப்பு இருந்தது.

எங்கே, எப்போது என்ற இரண்டுக்கும் விடை கிடைத்துவிட்டது. அந்த ஊரின் பெயரை மருதமுத்து பிறகு யாரிடமும் சொல்லவில்லை. ஆகையால் இங்கேயும் அது இல்லை.

அவர் நிமிர்ந்து பார்த்தார். முன்வரிசையில் சின்னதுரை இரண்டு முழங்கால்களின் மேலும் கைகளை ஊன்றி, புறப்படத் தயாரானவர்போல உட்கார்ந்திருந்தார்.

மருதமுத்து ஊசியை எடுத்தார். முதலில் கடைப் பலகையைச் சுரண்டினார். அடுத்த கட்டத்திலும் பலகை. அதற்கடுத்த கட்டத்திலும். பிறகு கண்ணாடி, நரை, சிரிப்பு. கறுப்புப் பொடி விரல்களில் ஒட்டியது. ஊசியின் கிறீச்சொலி மைக்கில் விழுந்து மண்டபம் முழுவதும் கேட்டது.

"கவனியுங்கள்" என்றார் கோபாலகிருஷ்ணன். "அவர் கை நடுங்குகிறது. ஆனால் எந்தக் காரணமும் இல்லை!"

சின்னதுரைக்கு அப்போதுதான் ஏதோ உறைத்தது. "ஏ, என்னத்தவே செய்யுதான் அவன்? படத்தப் போடச் சொல்லும்! எந்தங்கச்சி கதைல்லா அதுக்குள்ள இருக்கு!"

மண்டபம் அதிர்ந்து அடங்கியது. சிவப்பிரகாசம் கைகூப்பியபடி வந்தார். "ஐயா, அந்தச் சொல்லைச் சொல்லிவிட்டீர்கள். தயவுசெய்து சுவரைப் பார்த்து நில்லுங்கள்." இருபுறமும் இரண்டு கௌரவமான மனிதர்கள் எழுந்து, வழி காட்டும் பாவனையில் கைநீட்டினார்கள். வெட்டுக்குத்து எதற்கும் அஞ்சாத சின்னதுரைக்கு இத்தனை பேர் மரியாதையாகச் சொல்லும் ஒன்றை எப்படி மறுப்பதென்று தெரியவில்லை. போய் நின்றார். கடைசிக் கட்டம் முடியும்வரை சுண்ணாம்புச் சுவரைப் பார்த்தபடி நின்றார்.

பிறகு படம் ஓடியது. புகை வந்தது. புகை விலகிய இடத்தில் வெள்ளைக் கீறல்கள் கொஞ்ச நேரம் துடித்தன. மறுபடியும் புகை வந்தது. சபை பெருமூச்சு விட்டது.

"எங்க?" என்றார் சின்னதுரை, பக்கத்தில் இருந்தவரிடம். அந்த மனிதர் இன்னொரு பெருமூச்சு விட்டார்.

பஸ் நிறுத்தத்தில் சின்னதுரையும் மருதமுத்துவும் நின்றார்கள்.

"கண்ணாடி வச்சுப் பாத்தேல்லா மாப்ள. அவதானா?"

"இல்ல மச்சான். வேற யாரோ."

"நல்லாப் பாத்தியா?"

"நல்லாப் பாத்தேன்."

சின்னதுரை தலையை ஆட்டிக்கொண்டார். ஒருமுறை, மறுபடியும் ஒருமுறை.

"அப்ப நீதான்."

மருதமுத்து குனிந்து தன் விரல்களில் ஒட்டியிருந்த கறுப்புப் பொடியைப் பார்த்தார். அறை கன்னத்தில் விழுந்தது. அடுத்த அறைக்கு ஓங்கிய கை பாதியில் நின்றது. சின்னதுரை அவர் தோள்மேல் சரிந்து ஓவென்று அழ ஆரம்பித்தார். "நல்ல பிள்ள மாப்ள அது. யாரு என்ன சொன்னாலும் நல்ல பிள்ள" என்றார். ஆறு வருடத்தில் தங்கையைப் பற்றி அவர் இப்படிப் பேசியது இதுவே முதல் தடவை. மருதமுத்து அவர் முதுகைத் தடவிக் கொடுத்தார். வெள்ளைச் சட்டையில் கறுப்பு விரல் தடங்கள் பதிந்தன.

விழா முடிந்து சைக்கிளில் அந்த வழியாக வந்த சிவப்பிரகாசம், ஒரு காலை ஊன்றி நின்றார். விளக்குக் கம்பத்தின் கீழ் இரண்டு நிழல்கள் ஒன்றின் மேல் ஒன்று சாய்ந்து அதிர்வதை ரசித்தார். யார் என்று பார்க்காமல் கிளம்பிப் போனார்.

"ஊருக்குப் போயி அவளுக்குச் செய்ய வேண்டியதச் செஞ்சிருவோம்" என்றார் சின்னதுரை, மூக்கைத் துடைத்துக்கொண்டு. "எத்தன நாளைக்குத்தான் அந்தரத்துல அலைவா? எள்ளும் தண்ணியும் நீதான் விடணும். கொன்ன கையா இருந்தாலும் புருசன் கை."

"விடுறேன் மச்சான்."

"சும்மா சடங்குக்கு விட்டாப் பத்தாது. அவ மொகத்த நெனச்சுக்கிட்டு விடணும். அப்பத்தான் போய்ச் சேரும்."

"நெனச்சுக்கிடுதேன்."

பஸ் வந்தது. சின்னதுரை ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்து கண்களை மூடிக்கொண்டார். பஸ் திரும்பி மறையும்வரை மருதமுத்து அங்கேயே நின்றார். மூக்குக்கண்ணாடி போட்ட, எங்கோ உயிரோடிருக்கும் முகத்தை நினைத்துக்கொண்டு எள்ளும் தண்ணீரும் விடலாமா, கூடாதா என்று கேட்க அந்த ஊரில் அவருக்கு யாரும் இல்லை.